உங்களுக்குத் தெரியுமா? சி83.7

★ டிஸ்சார்ஜ் சம்மரியில் நோயின் பெயரோடு ஓர் எழுத்தும் சில எண்களும் இருந்தால், அவை அந்த நோயின் குறியீடு. ‘சி83.7’ என்றிருந்தால் நோய், பர்கிட் லிம்போமா. மனிதருக்கு வரும் புற்றுநோய்களிலேயே மிக வேகமாக வளர்பவற்றில் ஒன்று. ஒன்றிரண்டு நாளிலேயே கட்டி இரண்டு மடங்காகிவிடக்கூடும்.

★ இந்தக் குறியீடுகள் ஐ.சி.டி. என்ற உலகப் பொது நோய்ப் பட்டியலைச் சேர்ந்தவை. பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ழாக் பெர்த்தியோன் 1893-ல் முன்வைத்த இறப்புக் காரணப் பட்டியலில் தொடங்கியது. 1948-லிருந்து உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பு. சி83.7 பத்தாம் பதிப்பின் எண். 2022-ல் நடைமுறைக்கு வந்த பதினோராம் பதிப்பில் இதே நோய்க்கு 2ஏ85.6.

★ ‘சி’ என்றால் புற்றுநோய். 81 ஹாட்ஜ்கின் லிம்போமா, 82 ஃபாலிக்குலர் லிம்போமா, 83 ஃபாலிக்குலர் அல்லாதவை. புள்ளிக்குப் பின்னால் வரும் எண்தான் இங்கே முக்கியம். சி83.3 பரவலான பெரிய பி-செல் லிம்போமா, சி83.7 பர்கிட். இரண்டுமே முரட்டு நோய்கள். ஆனால், முன்னதற்கு வழக்கமாகக் கொடுக்கும் ‘ஆர்-சாப்’ மருந்துக் கூட்டு பர்கிட்டுக்குப் போதாது. இன்னும் கடுமையான கீமோ வேண்டும். நோய் மூளைக்குப் போகாமலிருக்க முதுகுத்தண்டு நீரிலும் மருந்து செலுத்த வேண்டும். 3-க்கும் 7-க்கும் நடுவில் இருப்பது வேறொரு சிகிச்சை.

★ பர்கிட் யார்? அயர்லாந்தில் பிறந்த அறுவை மருத்துவர் டெனிஸ் பர்கிட். சிறுவயதில் ஒரு விபத்தில் ஒரு கண்ணை இழந்தவர். 1957-ல் உகாண்டாவின் கம்பாலா நகரில், முலாகோ மருத்துவமனையில், சக மருத்துவர் ஹியூ ட்ரோவெல் ஒரு குழந்தையைப் பார்க்க அவரைக் கூப்பிட்டார். மேல்தாடை, கீழ்த்தாடை, இரண்டு பக்கமும் வீக்கம். கிருமித் தொற்று என்றால் நான்கு இடத்திலும் ஏன் வர வேண்டும்? பதில் கிடைக்கவில்லை. கொஞ்ச நாளில் ஜிஞ்சா ஆஸ்பத்திரியில் அதே மாதிரி முகத்தோடு இன்னொரு குழந்தை, வயிற்றிலும் கட்டி. பர்கிட் பழைய கேஸ் ஷீட்டுகளைப் புரட்டினார். தாடைக் கட்டி ஒன்று, சிறுநீரகக் கட்டி ஒன்று என்று தனித்தனி நோயாக எழுதி வைத்திருந்தவை பலவும் ஒரே நோய் என்று தெரிந்தது. 1958-ல் கட்டுரையாக வெளியிட்டார். பெயர் தவறாக எழுதப்பட்டால் ஒரு நோய் எத்தனை வருடம் கண்ணுக்கு முன்னாலேயே மறைந்திருக்கும் என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது.

★ அதோடு அவர் விடவில்லை. ஆப்பிரிக்காவெங்கும் ஆஸ்பத்திரிகளுக்குக் கேள்வித்தாள் அனுப்பி, பதில்களை வரைபடத்தில் குறித்தார். 1961-ல் இரண்டு மருத்துவ நண்பர்களோடு ஒரு பழைய ஃபோர்டு வண்டியில் சுமார் 16,000 கிலோமீட்டர் சுற்றினார். குளிரான மேட்டு நிலங்களிலும், மழை குறைந்த இடங்களிலும் இந்த நோய் அரிது. மலேரியா எங்கே அதிகமோ அங்கே இதுவும் அதிகம் என்று தெரிந்தது.

★ பர்கிட்டின் லண்டன் உரை ஒன்றை 1961-ல் கேட்டவர் ஆய்வாளர் அந்தோனி எப்ஸ்டீன். இதில் ஒரு வைரஸ் இருக்குமோ என்று அவருக்குத் தோன்றியது. கம்பாலாவிலிருந்து கட்டித் துண்டுகள் விமானத்தில் வந்தன. 1963 டிசம்பரில் பனிமூட்டத்தால் ஒரு விமானம் மான்செஸ்டருக்குத் திருப்பி விடப்பட, மாதிரி தாமதமாக வந்தது. திரவம் கலங்கியிருந்தது. கெட்டுப்போனது என்று தூக்கிப் போடாமல் நுண்ணோக்கியில் வைத்தார். உயிருள்ள செல்கள் மிதந்துகொண்டிருந்தன! அவற்றை வளர்த்தெடுத்துத்தான் எப்ஸ்டீன்-பார் வைரஸ் கண்டறியப்பட்டது. 1964-ல் உலகுக்குத் தெரிந்த அதுதான், மனிதரில் புற்றுநோயோடு தொடர்புள்ளதாகக் கண்ட முதல் வைரஸ். பெரியவர்களில் பத்தில் ஒன்பது பேருக்கு மேல் இதைச் சுமந்தாலும், மிக மிகச் சிலருக்கே புற்றுநோய் வருகிறது.

★ அமெரிக்க முறையில் புள்ளிக்குப் பின் இன்னோர் எண் உண்டு. கழுத்து நெறிக்கட்டி என்றால் சி83.71, வயிற்றுக்குள் என்றால் சி83.73, பல இடங்களில் என்றால் சி83.78. சென்னையிலும் கோவையிலும் மெடிக்கல் கோடிங் வேலை பார்க்கும் நம் பிள்ளைகளுக்கு இது அத்துபடி. அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் காப்பீட்டுக் கோப்புகள் அவர்கள் மேஜைக்கும் வருகின்றன.

★ புறநோயாளி சீட்டில் ‘லிம்போமாவாக இருக்கலாம்’ என்று எழுதியிருந்தால், அமெரிக்க விதிப்படி கோடர் சி83 போடக்கூடாது. ‘ஓரிடத்தில் நெறி வீக்கம்’ என்பதற்கான ஆர்59.0 போடுவார். பயாப்சி முடிவு வந்து மருத்துவர் உறுதி செய்த பிறகுதான் சி. ஊகத்தால் ஒருவர் பதிவேட்டில் புற்றுநோயாளி ஆகிவிடக் கூடாதல்லவா? நல்ல விதி.

★ நுரையீரல் புற்றுநோய் மூளைக்குப் பரவினால் தனிக் குறியீடு சேர்ப்பார்கள். லிம்போமா வேறு நெறிகளுக்குப் பரவினால் சேர்ப்பதில்லை. எங்கே போனாலும் அது லிம்போமாதான்.

★ பர்கிட் ரத்தப் புற்றுநோயாகத் தலைகாட்டினால் உலகப் பட்டியலில் எண் சி91.8. எச்.ஐ.வி.யால் வந்த பர்கிட்டுக்கும் அதில் தனி இடம்: பி21.1.

★ சிகிச்சை தொடங்கியதும் செல்கள் கூட்டமாக மடிந்து பொட்டாசியம், யூரிக் அமிலம் போன்றவை ரத்தத்தில் கொட்டும். சிறுநீரகம் பழுதாகலாம், இதயம் தடுமாறலாம். இதற்கும் எண் உண்டு: இ88.3. முதல் சில நாள் ரத்தப் பரிசோதனையைத் திரும்பத் திரும்ப எடுப்பது இதனால்தான். எரிச்சல்படாதீர்கள்.

★ நோய் அடங்கிய நிலைக்கு அமெரிக்கா 2024 அக்டோபரில் தனி எண் கொடுத்தது: சி83.7ஏ. வரவேற்க வேண்டிய மாற்றம். தீவிர சிகிச்சை கிடைக்கும் நாடுகளில் பர்கிட் வந்த குழந்தைகளில் பெரும்பாலோர் பிழைத்துவிடுகிறார்கள். பிழைத்தவர்களுக்கும் ஓர் எண் வேண்டாமா?

★ நம் ஊரிலும் இது கணக்கில் வருகிறது. 1981-ல் தொடங்கிய தேசியப் புற்றுநோய்ப் பதிவேட்டுத் திட்டத்தில் முதலில் சேர்ந்த நகரங்களில் சென்னையும் ஒன்று. அடையாறு புற்றுநோய் நிறுவனம் அதை நடத்துகிறது. இத்தகைய பதிவேடுகளில் திசுவின் வகைக்கும் தனி எண் உண்டு. பர்கிட்டுக்கு 9687/3. கோட்டுக்குப் பின்னால் உள்ள 3, ‘புற்று’ என்பதன் அடையாளம். 0 என்றால் சாதுவான கட்டி.

★ கேஸ் ஷீட்டில் வெறுமனே ‘நான்-ஹாட்ஜ்கின் லிம்போமா’ என்று எழுதி நிறுத்திவிட்டால், கோடர் சி85.9 போடுவார்; ‘வகை குறிப்பிடப்படவில்லை’ என்று பொருள். உங்கள் வீட்டில் யாருக்காவது லிம்போமா என்று சொன்னால், எந்த வகை என்று டாக்டரிடம் கேளுங்கள். டிஸ்சார்ஜ் சம்மரியில் அந்த வகையை எழுதித் தரச் சொல்லுங்கள். பயாப்சி ரிப்போர்ட்டின் நகலைக் கையோடு வாங்கி, பத்திரமாக வைத்திருங்கள்.