இலவணன் தேடிச் சென்ற சேரி

சென்றுபோன காலத்துக்கு மனிதன் உடலோடு செல்லக் கூடுமோ என்பது ஒரு கேள்வி. எண்ணம் மட்டும் செல்லக் கூடுமோ என்பது வேறொரு கேள்வி. காலத்தில் ஊர்ந்து செல்ல ஒரு பொறியை 1895-இல் கற்பித்துக் காட்டினார் ஆங்கில நாவலாசிரியர் எச். ஜி. வெல்ஸ். பொறி வேண்டாத கதைகளும் பின்னர் எழுந்தன. அவற்றில் இன்று நினைக்கும் நினைவு பழைய நாளொன்றிற் சென்று தைக்கிறது. அங்கு விளைந்தது திரும்பி வந்து, இன்றைய நினைவுக்கே வித்தாகிறது. முதல் எது, முடிவு எது என்று பிரிக்க ஒண்ணாத வளையம்.

இஃது மேனாட்டுச் சரக்கு, தமிழ் மாணவர்க்கு எதற்கு என்று கேட்போர் உளர். அவர்கள் வீரை ஆளவந்தார் தமிழிற் பாடிய ஞானவாசிட்டத்தைப் புரட்டிப் பார்க்க வேண்டும். அங்கே இலவணன் என்றோர் அரசன். சபைக்கு வந்த இந்திரசாலக்காரன் ஒருவன் மயிற்பீலியை வீச, அரசன் சிறிது பொழுது செயலற்று இருக்கிறான். அச்சிறு பொழுதில் அவன் குதிரையேறிக் காட்டுக்குப் போய், பசிக்கு உணவளித்த புலைச்சியை மணந்து, மக்களைப் பெற்று, பஞ்சத்தில் வாடி, பசித்த மகனுக்குத் தன் ஊனையே உணவாக்கத் தீயில் இறங்கத் துணிகிறான். உடனே விழிக்கிறான். கனவென்று விட்டிருந்தால் கதை சாதாரணமாய்ப் போயிருக்கும். மறுநாள் அவ்விடத்தைத் தேடி விந்தியத்துக்குப் போகிறான். சேரி இருக்கிறது. மகளையும் மருமகனையும் பேரர்களையும் இழந்தேனே என்று ஒரு கிழவி அழுதுகொண்டிருக்கிறாள். நினைத்ததனால் நிகழ்ந்ததா, நிகழ்ந்ததனால் நினைத்தானா? வெல்ஸின் பொறியினும் இப்பீலி எனக்கு உவப்பானது.

என்னிடம் பயிலும் மாணவன் ஒருவன் அண்மையில் எழுதிய கதை இந்த இனத்தைச் சேர்ந்தது. லயத்தில் வாழும் மூதாட்டி ஒருத்தி தன் முன்னோளை நினைக்கிறாள். இராமநாதபுரக் கரையில் தோணியேறத் தயங்கி நிற்கும் அப்பெண்ணை, அந்நினைவே உந்தி ஏற்றிவிடுகிறது. ஏறியதனாலன்றோ இவள் பிறந்து இன்று நினைக்கிறாள்! தோணிக்கரைப் பெண்ணுக்கு ஏன் பெயரிடவில்லை என்று கேட்டேன். "எங்க அப்பாயிக்கே தெரியாதுங்க ஐயா" என்றான்.

இலக்கணமும் இதற்கு இடந்தந்தே இருக்கிறது. தொல்காப்பியம் வினையியலிற் காலமயக்கம் பேசும். விரைவு, மிகுதி, தெளிவு, இயல்பு என்னும் காரணங்களால் முக்காலமும் தம்முள் பிறழ்ந்து வரலாம் என்பர் நன்னூலார். பெரட்டுக்கு நேரமாயிற்று. "என்னா புள்ள, இன்னும் கெளம்பலையா?" என்கிறார் கங்காணி. கூடையைக்கூட எடுக்காதவள், "இந்தா வந்துட்டேங்க" என்கிறாள். இது விரைவு. வகுப்பில் நாம் பெரும்பாலும் இவ்வளவோடு நின்றுவிடுகிறோம். நான் பெரிதாக மதிப்பது இயல்பு என்பதை. தோட்டத்து முதியவர் ஒருவரிடம் அவருடைய இளமையைக் கேளுங்கள். "விடியக்காலையில எந்திரிப்போம், ரொட்டி சுட்டுக்குவோம், பனியில நடப்போம்" என்பார். எழுந்தோம், சுட்டோம், நடந்தோம் என்னார். செயல் முடிந்து அறுபது ஆண்டாயிற்று, இடைநிலையோ எதிர்காலம். வழக்கமாய்ச் செய்ததைக் குறிக்கும் வாய்பாடு அது என்று மொழிநூலார் அமைதி கூறுவர். சரியே. ஆயினும் பின்னோக்கிச் சென்ற நினைவு வாய் திறந்தால் தமிழில் எதிர்காலமாய் ஒலிப்பது எனக்கு இன்றும் வியப்பு.

இம்மலைகளில் அவ்வளையத்தை ஒரு சொல்லிலேயே காணலாம். அது 'ஊர்'. அட்டனிலும் நுவரெலியாவிலும் கொழுந்தெடுத்த முன்னோர்க்கு ஊர் என்றால் திருச்சி, புதுக்கோட்டை, சேலம். 1948-இன் குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர் ஆக்கியது. 1964 அக்டோபர் 30-இல் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்து, 1,50,000 பேரைப் பின்னர்ப் பார்த்துக்கொள்வோம் என நிறுத்திவைத்தது. மனிதரை இப்படி மூட்டை எண்ணுவதுபோல் எண்ணலாமா என்று அன்று கேட்டவர்கள் சிலரே. தாயகம் திரும்பியோர்க்கு வேலை தரவென 1968-இல் தமிழ்நாட்டரசு தேயிலைத் தோட்டங்களைத் தொடங்கியது. பலர் நீலகிரியில் குடியேறினர். பாட்டன் ஏங்கிய நாட்டுக்குப் பேரன் போய்ச் சேர்ந்தான். அங்கும் மலை, அங்கும் தேயிலை. அங்கிருந்து உறவுமுறைப் பெண்ணொருத்தி எனக்கு எழுதிய கடிதத்தில், "நம்ம ஊர்ல இப்ப மழைங்களா சித்தப்பா?" என்றிருந்தது. அவள் கேட்டது தலவாக்கலையை.

2023-இல், மலையக மக்கள் வந்து இருநூறு ஆண்டாயிற்று என்று கணக்கிட்டு, ஒரு கூட்டத்தார் இலவணனைப்போலவே எழுந்து புறப்பட்டார்கள். சூலை இறுதியில் தலைமன்னாரில் தொடங்கி, முன்னோர் காட்டு வழியே நடந்த திசையிலேயே நடந்து, ஆகஸ்டில் மாத்தளை சேர்ந்தார்கள். இலவணனுக்கு அழுதுகொண்டிருந்த கிழவியேனும் கிடைத்தாள். அக்காட்டு வழியில் பசியாலும் நோயாலும் மாண்டவர் பலருக்குப் பெயர்கூட எஞ்சவில்லை. அவ்வழியைப் பற்றி எங்கள் பக்கத்துத் தோட்டத்துப் பெரியவர் ஒருவர் சொல்லக் கேட்டிருக்கிறேன். "பகல்ல நடப்பாங்க, ராவுல தீயை மூட்டிக்கிட்டுப் படுப்பாங்க, விடிஞ்சா ரெண்டு பேரு எந்திரிக்க மாட்டாங்க" என்றார். அவர் கண்டதன்று, அவருடைய பாட்டனும் கண்டதன்று. எனினும் அங்கும் எதிர்காலந்தான்.