மேகக் கணிமையில் அநுமதி விதிகளும் அவற்றை ஆராயும் முறையும்

பண்டகசாலையும் பத்திரப்பெட்டியும் உடைய ஒருவன், திறவுகோல்களை யார் யாரிடம் ஒப்புவித்தோம் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுதல் அரிதன்று. கதவுகளும் எண்ணத் தக்கன. ஆட்களும் எண்ணத் தக்கவர். ஆனால் இக்காலத்து வங்கிகளும், மருத்துவமனைகளும், வாணிக நிலையங்களும் தம் ஏடுகளைத் தம் கட்டடத்தில் வைத்துக் காப்பதை விடுத்து, 'கிளவுட்' என்று வழங்கும் மேகக் கணிமையில் வாடகைக்கு இடம் பிடித்து வைத்திருக்கின்றன. அமெஸான் நிறுவனத்தார் 2006-ஆம் ஆண்டில் 'எஸ்-3' என்னும் சேமிப்பகத்தைத் திறந்தது முதல் இவ்வழக்கம் உலகெங்கும் பரவிற்று. அங்கே கதவுகள் பல்லாயிரம். திறவுகோல் கேட்போரும் மக்கள் மாத்திரம் அல்லர். ஒரு நிரல் மற்றொரு நிரலின் வாயிலிற் சென்று நின்று கேட்பதும் உண்டு. இரும்பாலான திறவுகோல் அங்கு இல்லை. எழுதி வைத்த வாக்கியங்களே திறவுகோல். அவ்வாக்கியத் தொகுதிக்குப் 'பாலிசி' என்று பெயர். நாம் அதனை அநுமதி விதி என்று வழங்குவோம்.

தமிழ் பயிலும் மாணாக்கனுக்கு இப்பொருளில் என்ன உரிமை என்று நண்பர் சிலர் வினவக்கூடும். விதியை நோக்குதல், அதன் சொல் எத்துணைத் தூரம் செல்லும் என்று அளத்தல், விலக்கு எது, புறனடை எது என்று துணிதல் ஆகிய இவை இலக்கணம் கற்போர் நாள்தோறும் செய்யுந் தொழிலேயாம். உரையாசிரியர் சூத்திரத்துக்கு உதாரணங் காட்டி, அது செல்லுமிடமும் செல்லாவிடமும் இவை என நிறுவுவது போலவே, அநுமதி விதியையும் உதாரணங் கொண்டு சோதித்தல் வேண்டும். அச்சோதனையைக் கணினி வாயிலாகவே நடத்தும் முறையொன்று உண்டு. அதனை விளக்குதலே ஈண்டு நோக்கம். பல நிறுவனங்கள் இத்தகைய வசதியை அளிப்பினும், அமெஸானின் அமைப்பையே சான்றாகக் கொள்கின்றேன்.

அவ்வமைப்பிற்கு 'ஐ.ஏ.எம்.' என்பது பெயர். அதில் ஒரு விதி வாக்கியத்துக்கு விளைவு, செயல், பொருள், நிபந்தனை என்னும் உறுப்புகள் உண்டு. விளைவு என்பது இசைவு, மறுப்பு என்னும் இரண்டில் ஒன்று. செயல் என்பது படித்தல், எழுதுதல், அழித்தல் முதலியன. பொருள் என்பது இன்ன கொள்கலம், இன்ன கோப்பு என்று சுட்டுவது. நிபந்தனை என்பது எவ்விடத்திலிருந்து கேட்கின்றான், எந்நேரத்திற் கேட்கின்றான் என்பன போல்வன. இவ்வுறுப்பு இன்றியும் விதி அமையும். இவ்வாறு எழுதிய விதியைப் பயனர் ஒருவருக்கேனும், நிரல்கள் ஏற்றுக்கொள்ளும் 'ரோல்' என்னும் வேடத்துக்கேனும் இணைத்து வைப்பர்.

தீர்ப்பு வழங்கும் முறையின் அடிப்படை மிகச் சுருங்கியது. எந்த விதியும் ஒன்றும் பேசாதாயின் மறுப்பு. ஒரு விதி இசைந்து, வேறெதுவும் மறாதாயின் இசைவு. யாதேனும் ஒரு விதி வெளிப்படையாக மறுக்குமாயின், நூறு விதிகள் இசைந்திருப்பினும் மறுப்பே. இவற்றுள் முதலாவது, ஸால்ட்ஸர், ஷ்ரோடர் என்னும் அறிஞர் இருவர் 1975-இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையில், காவலின் அடிப்படை நெறிகளுள் ஒன்றாக எடுத்துரைத்தது.

இலக்கண மாணாக்கன் தடுமாறும் இடம் மூன்றாவது. நம் இலக்கணத்திற் பொதுவிதியைச் சிறப்பு விதி விலக்கும். நடு, கடல் என்பன சேர்ந்து வல்லெழுத்து மிக்கு 'நடுக்கடல்' என்றாகின்றன; ஆனால் 'சுடுசோறு' வினைத்தொகையாதலின் மிகவில்லை. சிறப்பு விதி வந்தவிடத்துப் பொதுவிதி வாய்மூடி நிற்கும். மேகக் கணிமையின் அநுமதி விதியோ அத்தன்மையதன்று. 'இக்கொள்கலத்தில் யாரும் எக்கோப்பையும் அழித்தலாகாது' என்பது பொதுவான மறுப்பு. 'இந்த ஒரு கோப்பை மட்டும் இவ்வலுவலர் அழிக்கலாம்' என்பது சிறப்பான இசைவு. இரண்டும் ஒருங்கே நின்றால், நம் புலவர் பின்னதே வலியது என்பர். கணினியோ முன்னதே வலியது என்று தீர்க்கும். புறனடை வேண்டுமாயின் அதனை மறுப்பு வாக்கியத்தின் உள்ளேயே அமைத்தல் வேண்டும். இவ்வேறுபாட்டை முதலில் உளங்கொண்டால் ஏனைய எல்லாம் எளிது.

இனி, விதி எழுதுவோர் பலரும் வழுவும் ஓரிடத்தைக் காண்போம். 'பக்கெட்' எனப்படும் கொள்கலத்தில் உள்ள கோப்புகளின் பட்டியலைக் காண்பது ஒரு செயல். அது கொள்கலத்தின்மேல் நிகழ்வது. ஒரு கோப்பைப் படிப்பது மற்றொரு செயல். அது கொள்கலத்தினுள் இருக்கும் கோப்பின்மேல் நிகழ்வது. எழுதுவோர் கொள்கலத்தின் பெயருக்குப் பின் ஒரு சாய்கோடும் உடுக்குறியும் இட்டு, இரண்டு செயலுக்கும் அதனையே பொருளாக்கி விடுகின்றனர். அக்குறியீடு 'உள்ளிருப்பன யாவும்' என்று பொருள்படுமேயன்றிக் கொள்கலத்தைச் சுட்டாது. ஆகவே கோப்பைப் படிக்க முடிகின்றது. பட்டியலைக் காண முடியவில்லை. இப்பிழை தன்னளவில் தீங்கற்றது. ஆனால் வேலை நின்றுபோன அவசரத்தில், காரணம் ஆராயப் பொறுமையின்றி, 'எல்லாச் செயலுக்கும் எல்லாப் பொருளின்மேலும் இசைவு' என்று தனி உடுக்குறி ஒன்றை இட்டு முடிப்போர் உளரே, அவர்தம் மருந்துதான் நோயினும் கொடிது.

அங்ஙனமாயின் விதியைச் சோதிப்பது எப்படி? உண்மையாகவே செயலைச் செய்து பார்க்கலாமே எனின், படிக்கும் உரிமையை அவ்வாறு அறியலாம். அழிக்கும் உரிமை உண்டோ என்பதை அழித்துப் பார்த்து அறிதல், நஞ்சின் வலிமையை உண்டு பார்த்து அறிதலை ஒக்கும். கணினிகளை வாடகைக்கு வழங்கும் 'ஈ.ஸி.-2' சேவையில் இதற்கு ஒரு தனி வசதி உண்டு. கட்டளையோடு 'டிரை ரன்' என்னும் குறிப்பைச் சேர்த்தனுப்பின், அச்சேவை செயலைச் செய்யாது, உரிமை உண்டா இல்லையா என்று மாத்திரம் விடை தரும். எனினும் இவ்வசதி எல்லாச் சேவைகளிலும் இல்லை. அன்றியும், கேட்பவர் தம் உரிமையை மட்டுமே அறிய இயலும். இன்னும் யாருக்கும் இணைக்கப்படாத புதிய விதியொன்றைப் பற்றி அது யாதும் கூறாது.

இக்குறையைத் தீர்ப்பதே 'பாலிசி ஸிமுலேட்டர்'. இஃது ஓர் ஒத்திகை மேடை. திரையில் பொத்தானை அழுத்தியும் இதனைப் பயன்படுத்தலாம். நிரல்வழி இடைமுகம், அதாவது 'ஏ.பி.ஐ.', வாயிலாகவும் வினவலாம். பின்னதே சிறந்தது. என்னை? மனிதன் பத்து வினாக்களைக் கேட்டுக் களைத்துவிடுவான். நிரல் ஆயிரம் வினாக்களையும் ஒவ்வொரு நாளும் அதே ஒழுங்கிற் கேட்கும்.

இடைமுகத்தில் வினவும் வழி இரண்டு. முதலாவது 'ஸிமுலேட் கஸ்டம் பாலிசி'. இதற்கு விதியின் வாசகத்தையே கையில் கொடுத்து, இச்செயல் இப்பொருளின்மேல் கூடுமா என்று கேட்கின்றோம்; ஆகவே விதி அரங்கேறுமுன்னரே சோதித்தல் இயலும். இரண்டாவது 'ஸிமுலேட் பிரின்ஸிபல் பாலிசி'. இதற்கு ஒரு பயனரையோ வேடத்தையோ சுட்டினாற் போதும். அவரோடு இணைந்துள்ள விதிகளையெல்லாம் அதுவே திரட்டிக்கொண்டு தீர்ப்பளிக்கும். எவ்வகையாயினும் செயல் நிகழ்வதில்லை. ஒரு கோப்பும் அசைவதில்லை.

விடை மூவகைப்படும்: இசைவு, வெளிப்படை மறுப்பு, குறிப்பு மறுப்பு. நம் இலக்கணச் சொற்கள் இங்கே எவ்வளவு பொருத்தமாக அமைகின்றன பாருங்கள்! ஒரு விதி வாய்திறந்து மறுத்தால் வெளிப்படை. யாதொரு விதியும் பேசாமையால் விளைந்த மறுப்பு குறிப்பு. இவ்வேறுபாடு வீண் நுணுக்கம் அன்று. குறிப்பு மறுப்பாயின், இசைவு வாக்கியம் ஒன்றைச் சேர்த்தால் தீரும். வெளிப்படை மறுப்பாயின், எத்தனை இசைவு சேர்த்தும் பயனில்லை. மறுத்த வாக்கியத்தைத் தேடிப் பிடித்தல் வேண்டும். எந்த வாக்கியம் பொருந்தியதென்றும் விடையிலேயே காட்டப்படும்.

மேற்காட்டிய கொள்கல விதியை இவ்வாறு வினவினால், கோப்பைப் படித்தற்கு 'இசைவு' என்றும், பட்டியல் காண்டற்குக் 'குறிப்பு மறுப்பு' என்றும் நொடியில் வந்துவிடும். ஈண்டு ஓர் எச்சரிக்கை: பொருள் இன்னதென்று சுட்டாது வினவின், 'எல்லாப் பொருளும்' என்றே கருதி விடை தரும். ஒரு கொள்கலத்துக்கு மட்டும் இசைந்த நல்ல விதியும் அப்போது மறுப்பாகவே தோன்றும். வினா பிழைத்தால் விடையும் பிழைக்கும்.

நிபந்தனையுள்ள விதிகளில் சோதனையின் அருமை இன்னும் நன்கு விளங்கும். கடவுச்சொல்லோடு கைப்பேசி முதலியவற்றால் இரண்டாம் அடையாளமும் காட்டினாலன்றி யாரும் எதையும் செய்யலாகாது என்று ஒரு நிலையத்தார் விரும்புகின்றனர் என்க. 'இரண்டாம் அடையாளம் காட்டியது என்பது பொய்யாயின் மறுக்க' என்று விதி எழுதுகின்றனர். பார்வைக்குக் குற்றமில்லை. ஆனால் நெடுங்காலத் திறவுகோல் எனப்படும் நிலையான இரகசியக் குறியைக் கொண்டு ஒரு நிரல் வரும்போது, அக்கேள்வியில் இரண்டாம் அடையாளத்தைப் பற்றிய குறிப்பே இராது. மெய் என்றும் இல்லை. பொய் என்றும் இல்லை. பொய்யாயின் அன்றோ மறுப்பு? குறிப்பே இல்லாமையால் மறுப்பு வாக்கியம் பொருந்தாது நழுவுகின்றது. வேறோர் இசைவு இருப்பின் கதவு திறந்துகொள்கின்றது. 'அக்குறிப்பு இருந்து பொய்யாயினும், இல்லாதொழியினும்' என்று பொருள்படும் வேறு நிபந்தனைச் சொல் அவ்வமைப்பில் உண்டு. அதனையே இடுதல் வேண்டும்.

ஆகவே இவ்விதியைச் சோதிப்போன் மெய், பொய், இன்மை என மும்முறை வினவக் கடவன். இருமுறை வினவி நிறைவு கொள்வோர் அந்த மூன்றாம் வாயிலைக் காணார். விதிகளில் என்னென்ன நிபந்தனைக் குறிப்புகள் வருகின்றன என்று தொகுத்துத் தரும் தனி வினாக்களும் இடைமுகத்தில் உள. கொடாது விட்ட குறிப்புகளையும் ஒத்திகையின் விடை எடுத்துக்காட்டும்.

இவையெல்லாம் ஏட்டுச் சுரைக்காயோ என்று ஐயுறுவார்க்கு ஒரு வரலாறு. அமெரிக்க நாட்டுக் கேபிடல் ஒன் வங்கியின் ஏடுகள் அமெஸானின் சேமிப்பகத்தில் இருந்தன. 2019-ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் அயலார் ஒருவர் அவ்வங்கியின் காவல் நிரலொன்றைப் பிழைபட அமைத்திருந்தமை கண்டு, அதனையே ஏவி, அந்நிரல் பூண்டிருந்த வேடத்தின் தற்காலிகத் திறவுகோலைப் பெற்றார். வாயிலில் நின்று வருவோரைச் சோதிப்பதே அக்காவல் நிரலின் வேலை. ஆனால் அதன் வேடத்துக்குக் கொள்கலங்களின் பட்டியலைக் காணவும், உள்ளிருப்பனவற்றைப் படிக்கவும் உரிமை இருந்தது. அமெரிக்காவில் ஏறத்தாழ 10 கோடிப் பேர், கனடாவில் ஏறத்தாழ 60 இலட்சம் பேர் ஆகியோரைப் பற்றிய செய்திகள் வெளிப்பட்டன. சுமார் 1,40,000 அமெரிக்கரின் சமூகக் காப்பு எண்களும் அவற்றுள் அடங்கும். அவ்வாண்டு ஜூலை மாதத்தில், வெளியார் ஒருவர் எழுதியறிவித்த பின்னரே வங்கி இதனை உணர்ந்தது. 2020 ஆகஸ்டில் அந்நாட்டு வங்கி மேற்பார்வையாளர் 8 கோடி டாலர் தண்டம் விதித்தனர்.

இக்கேட்டுக்குக் காரணம் ஒன்றன்று. ஆயினும் ஒன்றை மட்டும் கருதுக. 'இக்காவல் நிரலின் வேடம் வாடிக்கையாளர் கொள்கலத்தைப் படிக்கக் கூடுமா?' என்று ஒத்திகை மேடையில் ஒரு வினா எழுப்பியிருந்தால், 'இசைவு' என்னும் விடை வந்து எவரையும் திடுக்கிடச் செய்திருக்கும். வாயிற்காவலனுக்குக் கருவூலத்தில் என்ன வேலை? நம்மிற் பெரும்பாலோர் 'கூடும்' என்பவற்றையே சோதிக்கின்றோம். வேலை நடந்தால் அமைதி கொள்கின்றோம். கூடாதன கூடாமலிருக்கின்றனவா என்று சோதிப்பது அதனினும் முதன்மையானது. நற்சோதனைத் தொகுதியில் 'மறுப்பு' என்று எதிர்பார்க்கும் வினாக்களே மிகுதியாக இருத்தல் வேண்டும் என்பது என் கருத்து. விதியைத் திருத்துந்தோறும் இத்தொகுதியை நிரலொன்று தானே ஓட்டி, எதிர்பார்த்த விடை மாறினால் திருத்தத்தைத் தடுத்து நிறுத்துமாறு அமைப்பர்.

ஒத்திகை மேடைக்கும் எல்லை உண்டு. அதன் விடை உண்மை அரங்கத்தின் விடையோடு மாறுபடவுங் கூடும் என்று அமெஸானே அறிவிக்கின்றது. கொள்கலத்தின்மேலேயே ஒட்டப்பட்ட விதிகளை இடைமுகம் தானாகத் தேடி எடுப்பதில்லை. வினவுவோன் அவ்வாசகத்தையும் உடன் கொடுத்தல் வேண்டும். பிறிதொன்று: ஒருவரைச் சுட்டி வினவும் இரண்டாம் வழி, அவருடைய உரிமைகளை வினவியவர்க்கு வெளிப்படுத்திவிடும். யாரிடம் எத்திறவுகோல் உள்ளது என்னும் பட்டியல் கள்வனுக்குப் பெரும்பேறு. ஆதலின் அவ்வழியைச் சிலர்க்கே வழங்கி, ஏனையோர்க்கு விதி வாசகத்தைக் கொண்டு வினவும் முதல் வழியை மட்டும் இசைதல் தகும்.

மேலும், ஆயிரம் உதாரணங்கள் பொருந்தினும் ஆயிரத்தொன்றாவது பொருந்தும் என்பதற்கு உறுதி இல்லை. இதனை உணர்ந்தே, விதிகளைக் கணிதச் சூத்திரங்களாக மாற்றி, கேட்கக்கூடிய எல்லாக் கேள்விகளுக்கும் ஒருங்கே விடை நிறுவும் 'ஸெல்கோவா' என்னும் பொறியை அமெஸான் அறிஞர் இயற்றி, 2018-இல் அதுபற்றிக் கட்டுரையும் வெளியிட்டனர். அவ்வழியில் வந்த 'ஆக்ஸஸ் அனலைஸர்' 2019-இல் வெளிவந்தது. பழைய விதி தராத புதிய உரிமை எதையும் புதிய விதி தரவில்லை என்று மெய்ப்பிக்கும் வினாவும் 2023 முதல் அதன் இடைமுகத்தில் உண்டு. அவ்வினாவுக்குக் கட்டணம் செலுத்தல் வேண்டும். ஒத்திகை மேடைக்குக் கட்டணம் இல்லை.