விடுதலைத் தீர்ப்பும் கண்கண்ட சாட்சியமும்

கொலை வழக்கொன்றில் எதிரிகள் விடுதலை செய்யப்படும்போது, பாதிக்கப்பட்ட குடும்பத்தினர் இரண்டு கேள்விகளை எழுப்புவது வழமை. கண்ணால் கண்டதைக் கூறியும் நீதிமன்றம் ஏன் நம்பவில்லை என்பது முதலாவது. இனி எங்கே முறையிடுவது என்பது இரண்டாவது.

திருகோணமலை மாவட்டத்தின் குமாரபுரத்தில் 1996 பெப்ரவரி 11ஆம் திகதி 24 தமிழ்ப் பொதுமக்கள் கொல்லப்பட்டனர். உயிர் தப்பியோர் சாட்சியமளித்த அவ்வழக்கில், 20 வருடங்களின் பின்னர், 2016 ஜூலையில் அநுராதபுரம் மேல் நீதிமன்றத்தில் ஜூரி சபையின் தீர்ப்பின்படி முன்னாள் இராணுவ கோப்ரல்கள் அறுவர் விடுதலையாகினர். மேற்கூறிய இரு கேள்விகளும் அன்று அக்கிராமத்தவர்களின் கேள்விகளாயின.

சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 134ஆம் பிரிவின்படி, ஒரு விடயத்தை நிரூபிப்பதற்கு இத்தனை சாட்சிகள் தேவை என்ற நியதி இல்லை. சாட்சியம் எண்ணப்படுவதன்று, எடைபோடப்படுவது என்றும், நம்பகமான தனியொரு சாட்சியே போதுமானது என்றும் சுமணசேன எதிர் சட்டமா அதிபர் வழக்கில் எமது மேன்முறையீட்டு நீதிமன்றம் தெளிவுபடுத்தியுள்ளது. எனினும், சாட்சி உண்மையானவராக இருப்பது மட்டும் போதாது. அவர் கண்டபோது வெளிச்சம் இருந்ததா, எவ்வளவு தூரம், எவ்வளவு நேரம், எதிரியை முன்னரே அறிந்திருந்தாரா, பொலிஸாரிடம் தாமதமின்றிக் கூறினாரா என்பன ஆராயப்படும். நேர்மையான சாட்சியும் ஆளை அடையாளம் காண்பதில் தவறக்கூடும் என்பதே இதற்குக் காரணம்.

மறுபுறத்தில், சிறு முரண்பாடுகளைப் பெரிதுபடுத்தி முழுச் சாட்சியத்தையும் தூக்கி எறிவதும் முறையன்று. மனித நினைவு ஒளிப்பதிவு நாடா அன்று என்ற கருத்தை இந்திய உயர் நீதிமன்றம் 1983இல் ஒரு குஜராத் வழக்கில் வலியுறுத்தியது. எமது நீதிமன்றங்களும் அத்தீர்ப்பைப் பின்பற்றி வந்துள்ளன. இருபது வருடங்கள் கழித்து, மொழிபெயர்ப்பாளர் ஊடாகப் பேச நேரும் ஒரு கிராமத்தவரின் வாக்குமூலத்தை எடைபோடுகையில் இக்கருத்து மேலும் முக்கியத்துவம் பெறுகின்றது.

இனி இரண்டாவது கேள்விக்கு வருவோம். 1978ஆம் ஆண்டின் 2ஆம் இலக்க நீதித்துறைச் சட்டத்தின் 15ஆம் பிரிவு, மேல் நீதிமன்றம் வழங்கும் விடுதலைக்கு எதிராக மேன்முறையீடு செய்யும் உரிமையைச் சட்டமா அதிபருக்கு வழங்குகின்றது. ஆனால் அதில் ஒரு வேறுபாடு உண்டு. ஜூரியின்றி நீதிபதி விசாரித்த வழக்காயின், சட்டப் பிரச்சினையுடன் சங்கதிகள் தொடர்பான பிரச்சினையையும் நீதிமன்றத்தின் முன்னனுமதியுடன் எழுப்பலாம். ஜூரி விசாரணையாயின், சட்டப் பிரச்சினையை மட்டுமே எழுப்ப முடியும்.

இதன் விளைவு சாதாரணமானதல்ல. நீதிபதி தனது தீர்ப்புக்குக் காரணம் கூறவேண்டும். அக்காரணம் தவறாயின் சுட்டிக்காட்டலாம். ஏழு பேர் கொண்ட ஜூரி சபை காரணம் கூறுவதில்லை. குறைந்தது ஐவர் உடன்பட்டால் தீர்ப்பாகிவிடும். கண்கண்ட சாட்சிகளை அவர்கள் ஏன் ஏற்கவில்லை என்பதை எவரும் அறிய முடியாது. ஆகவே, ஜூரிக்கு நீதிபதி வழங்கிய தொகுப்புரையில் சட்டத் தவறு உண்டா, ஜூரி விசாரணையே சட்டப்படி செல்லுபடியானதா என்பன போன்ற கேள்விகளே எஞ்சுகின்றன. 2006இல் படுகொலையான பாராளுமன்ற உறுப்பினர் நடராஜா ரவிராஜின் வழக்கிலும் எதிரிகளை 2016 டிசம்பரில் ஜூரி சபையே விடுவித்தது. பயங்கரவாதத் தடைச் சட்டக் குற்றச்சாட்டையும் உள்ளடக்கிய வழக்கை ஜூரி விசாரிக்கலாமா என்ற கேள்வியைப் பாதிக்கப்பட்ட தரப்பினர் அதில் எழுப்பியிருந்தனர்.

மேன்முறையீட்டு மனுவைத் தீர்ப்பு வழங்கப்பட்ட நாளிலிருந்து 14 தினங்களுக்குள் சமர்ப்பிக்க வேண்டும். எனவே பாதிக்கப்பட்டோர் துயரத்தில் ஆழ்ந்திருக்கும் அந்நாட்களிலேயே சட்டமா அதிபரிடம் எழுத்து மூலம் கோரிக்கை விடுப்பதும், தொகுப்புரை உட்பட வழக்கேட்டின் பிரதிகளுக்கு விண்ணப்பிப்பதும் அவசியமாகும். மீளாய்வு மனு என்ற வழியும் உண்டு. ஆயினும் விதிவிலக்கான சூழ்நிலைகளிலேயே நீதிமன்றம் அதற்கு இணங்கும்.

சந்தேகத்தின் பலன் எதிரிக்கே உரியது என்ற கோட்பாடு தமிழர், முஸ்லிம்கள், சிங்களவர் என அனைவரையும் காப்பது. அது தளரக் கூடாது. ஆயினும், அச்சந்தேகம் சாட்சியத்தின் பலவீனத்தால் எழுந்ததா, இருபது வருடத் தாமதத்தால் வளர்க்கப்பட்டதா என்பதைக் கேட்கும் உரிமை பாதிக்கப்பட்டோருக்கு உண்டு. காரணம் கூறாத தீர்ப்பு அக்கேள்விக்கு விடையளிப்பதில்லை. பாரிய கொலை வழக்குகளில் ஜூரி முறைமை தொடரவேண்டுமா என்பதைச் சட்டவாக்கத்துறை ஆராய்வதற்கு இதுவே போதிய காரணமாகும்.