ஊதுங்க... உங்க நம்பர் என்ன?

பிளஸ் டூ கட்-ஆஃப் கேட்டா டெசிமலோட சொல்வீங்க. பைக் என்ன மைலேஜ் தருதுன்னு தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் பதில் வரும். சரி, ஒரே மூச்சில் உங்கள் நுரையீரல் எவ்வளவு காற்றை வெளியே தள்ளும்?

'அதெல்லாம் எதுக்கு பாஸ்... மூச்சு வருது, போகுது. போதாதா?' என்கிறீர்களா? போதாது. ஏன்னு சொல்றேன், கேளுங்க.

நம் நுரையீரல் ஏறக்குறைய 20 முதல் 25 வயதுக்குள் தன் உச்சத்தைத் தொடுகிறது. அப்புறம் இறங்குமுகம்தான். எந்த நோயும் இல்லாத ஆளுக்கே வருடத்துக்குச் சுமார் 25 முதல் 30 மில்லி வரை குறைந்துகொண்டே வரும். சிகரெட் பார்ட்டிகளுக்கு இந்த இறக்கம் இன்னும் வேகம். நிறுத்தினால் வேகம் குறையும். ஆனால் போனது போனதுதான். ஆக, கேன்டீன், கல்ச்சுரல்ஸ், அரியர் என்று நீங்கள் ஓடிக்கொண்டிருக்கும் இந்த வருடங்கள்தான் உங்கள் நுரையீரலின் பொற்காலம். அதன் அளவைத் தெரிந்துகொள்ள இதைவிட நல்ல நேரம் கிடையாது. ஆஸ்துமா உள்ளவர்களுக்கோ, இது வெறும் பொது அறிவு இல்லை, உயிர்ப் பிரச்னை!

லண்டன் டாக்டரின் தண்ணீர்த் தொட்டி

நுரையீரலை அளக்கும் கதையின் ஹீரோ, ஜான் ஹட்சின்சன் என்ற இங்கிலாந்து மருத்துவர். தண்ணீரில் கவிழ்த்த ஒரு பாத்திரம், அதற்குள் போகும் ஒரு குழாய். நீங்கள் ஊதினால் பாத்திரம் மேலே எழும்பும். எவ்வளவு எழும்புகிறதோ, அவ்வளவு காற்று. அவ்வளவுதான் அவருடைய ஸ்பைரோமீட்டர்!

மாலுமிகள், போலீஸ்காரர்கள், தீயணைப்பு வீரர்கள், மல்யுத்த வீரர்கள் என்று இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்களை ஊதவைத்து, 1846-ல் முடிவுகளை வெளியிட்டார். முழுசாக இழுத்து முழுசாக வெளியேவிடும் காற்றின் அளவுக்கு 'வைட்டல் கெப்பாசிட்டி' என்று பெயர் வைத்ததும் அவர்தான். அவர் கண்டுபிடித்த சுவாரஸ்யமான விஷயம்: இந்த அளவு உடல் எடையைவிட உயரத்தோடுதான் ஒழுங்காக ஒத்துப்போகிறது. ஐந்தடியிலிருந்து ஆறடி வரை, ஒவ்வொரு இன்ச்சுக்கும் சுமார் 130 மில்லி கூடுகிறது. அதனால்தான் இன்றைக்கும் டெஸ்ட்டுக்குப் போனால், ஊதுவதற்கு முன்னால் உங்கள் உயரத்தை அளக்கிறார்கள். உயரம், வயது, ஆணா பெண்ணா என்பதை வைத்து 'உங்களுக்கு இவ்வளவு இருக்கணும்' என்று ஒரு கணக்கு. அதோடுதான் உங்கள் நம்பரை ஒப்பிடுவார்கள். ஹாஸ்டல் ரூம்மேட் நம்பரோடு இல்லை!

குடம் சின்னதா, வாய் சின்னதா?

இப்போதைய ஸ்பைரோமீட்டரில் தண்ணீர் கிடையாது, கம்ப்யூட்டர்தான். மூக்கில் ஒரு கிளிப். வாயில் ஒரு குழாய். நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து, 'டப்'பென்று முழு வேகத்தில் ஊதவேண்டும். ஊதி முடித்ததும் நிறுத்திவிடக் கூடாது. "ஊதுங்க, ஊதுங்க, இன்னும், இன்னும்..." என்று டெக்னீஷியன் கத்துவார். கோபப்படாதீர்கள். உள்ளே இருக்கும் காற்று கடைசிச் சொட்டு வரை வந்தால்தான் கணக்கு சரியாக வரும். ஆறு செகண்ட் வரை கூட ஆகும். இதே மாதிரி குறைந்தது மூன்று நல்ல ஊதல் வேண்டும். நீங்கள் ஏனோதானோவென்று ஊதினால், ரிசல்ட்டும் ஏனோதானோதான்.

இதில் முக்கியமாக இரண்டு நம்பர்கள். ஒன்று, மொத்தமாக வெளியே வந்த காற்று - எஃப்.வி.சி. இன்னொன்று, முதல் ஒரு செகண்டில் மட்டும் வந்த காற்று - எஃப்.ஈ.வி.1. இரண்டாவதை முதலாவதால் வகுத்தால் விஷயம் வெளியே வந்துவிடும்.

ஒரு குடத்துத் தண்ணீரைக் கவிழ்ப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 4 லிட்டர், முதல் செகண்டிலேயே 3.3 லிட்டர் வந்துவிட்டதா? 80 சதவிகிதத்துக்கு மேல். உங்க வயசுக்கு சூப்பர். அதே 4 லிட்டரில் முதல் செகண்டில் 2.4 லிட்டர்தான் வந்ததா? 60 சதவிகிதம். குடம் பெரியதுதான், வாய் குறுகியிருக்கிறது. மூச்சுக்குழாயில் அடைப்பு. ஆஸ்துமா இந்த ரகம். சில பேருக்கு விகிதம் நன்றாக இருக்கும். மொத்த அளவே குறைவாக இருக்கும். அதாவது குடமே சின்னது. அது வேறு வகைப் பிரச்னை. அதற்கு வேறு டெஸ்ட்டுகள்.

அடைப்பு தெரிந்தால், மூச்சுக்குழாயை விரிக்கும் மருந்தைக் கொடுத்து, 15 நிமிடம் உட்காரவைத்து, மறுபடியும் ஊதச் சொல்வார்கள். அந்த 2.4 லிட்டர் 2.8 ஆகிறதா? 400 மில்லி ஏற்றம், கிட்டத்தட்ட 17 சதவிகிதம். 200 மில்லிக்கும் 12 சதவிகிதத்துக்கும் மேல் ஏறினால், மருந்துக்கு மூச்சுக்குழாய் நன்றாக விரிகிறது என்று அர்த்தம். ஆஸ்துமாவுக்கு இது பலமான சாட்சி.

ஒரு ட்விஸ்ட்: ஆஸ்துமா தினமும் ஒரே மாதிரி இருக்காது. நல்லா இருக்கிற நாளில் ஊதினால் ரிசல்ட் நார்மலாகவே வரலாம். 'டெஸ்ட் நார்மல், எனக்கு ஒண்ணுமில்லை' என்று முடிவு கட்டிவிடாதீர்கள்.

பாக்கெட் மீட்டர்

அதற்குத்தான் பீக் ஃப்ளோ மீட்டர். 1950-களில் இங்கிலாந்தின் மார்ட்டின் ரைட் கண்டுபிடித்தது. (குடித்துவிட்டு வண்டி ஓட்டுபவர்களை ஊதச் சொல்லும் கருவியின் வளர்ச்சியிலும் இதே மனிதருக்குப் பங்கு உண்டு. ஊதவைப்பதே வேலையாக இருந்திருக்கிறார்!) இன்றைக்கு பேக்கில் போட்டுக்கொண்டு போகிற அளவுக்குச் சின்ன பிளாஸ்டிக் குழாய்.

முள்ளை ஜீரோவில் வையுங்கள். நிமிர்ந்து நில்லுங்கள். முழு மூச்சு இழுத்து, உதட்டால் இறுக்கிப் பிடித்து, ஒரே ஊது. மூன்று முறை. சராசரி வேண்டாம், எது அதிகமோ அதைக் குறித்துக்கொள்ளுங்கள். முள் ஓடும் வழியில் விரலை வைத்துவிடாதீர்கள். இப்படிக் காலையும் மாலையும், இரண்டு வாரம். நீங்கள் நன்றாக இருக்கும் நாட்களில் வரும் உச்ச நம்பர்தான் உங்கள் 'பெர்சனல் பெஸ்ட்'.

அது 500 என்று வைத்துக்கொள்வோம். 400-க்கு மேல் இருந்தால் பச்சை, ஜாலியாக இருக்கலாம். 250-லிருந்து 400 வரை மஞ்சள். டாக்டர் எழுதிக்கொடுத்த திட்டப்படி மருந்தைச் சரிசெய்யணும். 250-க்குக் கீழே சிவப்பு. உடனே நிவாரண இன்ஹேலர், உடனே ஆஸ்பத்திரி. டிராஃபிக் சிக்னல் மாதிரியேதான். ஆனா இங்கே சிவப்பில் 'ஜம்ப்' பண்ணினால் ஃபைன் கட்டித் தப்பிக்க முடியாது.

'வீஸிங்'தான் மச்சி, ஆஸ்துமா இல்லை!

நம்ம ஊரில் பெரிய சிக்கலே இதுதான். 'ஆஸ்துமா' என்று சொன்னால் ஏதோ அசிங்கம் மாதிரி, 'லேசா வீஸிங்' என்கிறோம். பொண்ணு பார்க்க வந்தால் இன்ஹேலரை பீரோவுக்குள் ஒளித்துவைக்கிற வீடுகள் உண்டு. கிளாஸில் எல்லார் முன்னாடியும் பஃப் எடுக்கக் கூச்சப்பட்டு பாத்ரூம் ஓடுகிற ஃப்ரெண்டை நீங்களே பார்த்திருப்பீர்கள்.

ஒளித்தால் என்ன ஆகும்? மூச்சுக்குழாய் மெல்ல மெல்லக் குறுகும்போது உடம்பு அதற்குப் பழகிவிடும். மாடிப்படி ஏறாமல் லிஃப்ட், ஃபுட்பாலுக்குப் பதில் கேரம், ராத்திரி இருமினால் இரண்டு தலையணை. 'நான் நல்லாத்தான்டா இருக்கேன்' என்று மனசாரச் சொல்லுவோம். மனசு ஏமாற்றும், மீட்டர் ஏமாற்றாது.

இன்னொரு விஷயம். கொரோனா காலத்தில் வீட்டுக்கு வீடு வாங்கிய பல்ஸ் ஆக்ஸிமீட்டரை மாட்டி, '98 காட்டுது, அப்புறம் என்ன?' என்று கேட்காதீர்கள். அது ரத்தத்தில் உள்ள ஆக்ஸிஜனைச் சொல்லும். மூச்சுக்குழாயின் அகலத்தைச் சொல்லாது. ஆஸ்துமாவில் ஆக்ஸிஜன் இறங்குவது பெரும்பாலும் கடைசிக் கட்டத்தில்தான். அதுவரை காத்திருப்பது ஆபத்து.

அதேபோல, இழுப்பு வரும்போது மட்டும் நீல நிற இன்ஹேலரை அடித்துவிட்டுப் போவதும் பழைய கதை. அது குழாயை விரிக்கும். உள்ளே இருக்கும் வீக்கத்தை ஆற்றாது. அந்த மருந்தை மட்டுமே நம்பியிருக்கக் கூடாது என்று உலக ஆஸ்துமா வழிகாட்டுதல் 2019-லேயே மாற்றி எழுதப்பட்டுவிட்டது. வீக்கத்தைக் குறைக்கும் மருந்தும் சேர்ந்த இன்ஹேலர் பற்றி டாக்டரிடம் கேளுங்கள்.

சரி, இப்ப என்ன பண்ணலாம்?

ராத்திரியில் இருமல், விளையாடினால் விசில் சத்தம், தூசி பட்டால் நெஞ்சு இறுக்கம்... இதில் ஏதாவது அடிக்கடி வந்தால், அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் நெஞ்சக நோய்ப் பிரிவுக்குப் போய் 'பி.எஃப்.டி. எடுக்கணுமா?' என்று கேளுங்கள். போவதற்கு முன் வயிறு முட்டச் சாப்பிட வேண்டாம். டைட் டிரஸ் வேண்டாம். இன்ஹேலரை எத்தனை மணி நேரம் நிறுத்தணும் என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். சமீபத்தில் கண் ஆபரேஷன், மாரடைப்பு, இருமலில் ரத்தம் என்று ஏதாவது இருந்தால் முதலில் டாக்டரிடம் சொல்லிவிடணும்.

உங்களுக்கு ஒன்றும் இல்லையா? சந்தோஷம். அப்படியானால் உங்கள் வேலை வேறு. பக்கத்து பெஞ்ச் நண்பனின் இன்ஹேலர் எந்தப் பாக்கெட்டில் இருக்கிறது என்று தெரிந்துவைத்திருங்கள். ஒரு முழு வாக்கியம் பேச முடியாமல் திணறினாலோ, உதடு நீலம் பாய்ந்தாலோ, அவனை நிமிர்த்தி உட்காரவைத்து இன்ஹேலரைக் கொடுத்து, உடனே 108-க்கு அடியுங்கள். அவன் 'பரவால்லடா' என்றாலும் நம்பாதீர்கள்!