கோடரி ஏந்திய கேரி அம்மையார்

1900-ம் ஆண்டு, ஜூன் மாதம் 7-ந் தேதி.

அமெரிக்காவில், கான்சாஸ் மாநிலத்தில் கியோவா என்று ஒரு சிறிய ஊர். அங்குள்ள மதுக்கடை ஒன்றின் முன் குதிரை வண்டி வந்து நின்றது. வண்டியில் இருந்து ஓர் அம்மையார் இறங்கினார். வயது 53. ஆறடி உயரம். கறுப்பு உடை. கை நிறையக் கற்கள்!

விறுவிறு என்று கடைக்குள் நுழைந்தார். கடைக்காரரை விலகி நிற்கும்படி சொன்னார். மறு நிமிடம், கற்கள் பறந்தன. பாட்டில்கள் சிதறின. நிலைக்கண்ணாடி நொறுங்கியது. தரை முழுவதும் மது ஆறாக ஓடியது.

அதோடு நிற்கவில்லை. அன்று மட்டும் மூன்று கடைகளை உடைத்தார். பிறகு தெருவில் நின்று, "நான் செய்தது குற்றமானால் என்னைக் கைது செய்யுங்கள்" என்று சவால் விட்டார். அதிகாரிகள் கையைப் பிசைந்தார்கள். கடைசியில் அவரைப் போகவிட்டார்கள்.

அந்த அம்மையார்தான் கேரி நேஷன்.

ஏன் கைது செய்யவில்லை?

கான்சாஸ் மாநிலத்தில் மதுவிலக்குச் சட்டம் 1881-ம் ஆண்டே வந்துவிட்டது. மருந்து போன்ற சில காரியங்களைத் தவிர, வேறு எதற்கும் மது விற்கக் கூடாது. ஆனால் கடைகள் பகிரங்கமாக நடந்தன. கடைக்காரர்கள் அவ்வப்போது அபராதம் கட்டினார்கள்; மறுபடி விற்றார்கள். அதிகாரிகள் கண்ணை மூடிக்கொண்டார்கள்.

கேரியின் வழக்கு இதுதான்: "சட்டப்படி இருக்கக் கூடாத கடை இது. இதை உடைத்தால் குற்றம் என்ன?"

அவரைக் கோர்ட்டில் நிறுத்தினால், சட்டவிரோதக் கடை நடந்த கதையும் வெளியே வரும். அதுதான் அதிகாரிகளின் சங்கடம்.

குடியால் கெட்ட குடும்பம்

கேரியின் கோபம் ஒரு நாளில் வந்தது அல்ல. அதன் பின்னால் ஒரு கண்ணீர்க் கதை இருந்தது.

கேரி 1846-ம் ஆண்டு கென்டக்கி மாநிலத்தில் பிறந்தவர். அவர் வீட்டில் தங்கியிருந்தார், சார்லஸ் கிளாய்டு என்ற இளம் டாக்டர். இருவரும் காதலித்தார்கள். பெற்றோர் தடுத்தும் கேட்காமல், 1867-ம் ஆண்டு கேரி அவரை மணந்தார்.

கல்யாணத்துக்கே மாப்பிள்ளை குடித்துவிட்டு வந்தார்!

படித்த டாக்டர், நல்ல மனிதர். ஆனால் குடியை விட முடியவில்லை. வீட்டில் வறுமை புகுந்தது. கர்ப்பிணியான கேரி தாய் வீட்டுக்குத் திரும்பினார். பெண் குழந்தை பிறந்தது. 1869-ம் ஆண்டு கணவர் இறந்துபோனார்.

கைக்குழந்தை ஒரு பக்கம். மகனை இழந்த மாமியார் ஒரு பக்கம். கேரி மனம் தளரவில்லை. கணவரின் மருத்துவ நூல்களையும் கருவிகளையும் விற்று, ஒரு சிறு வீடு கட்டினார். பயிற்சி பெற்று ஆசிரியை ஆனார். மாமியாரைக் கைவிடாமல், பல ஆண்டுகள் தம்முடனேயே வைத்துக் காப்பாற்றினார்.

பிறகு டேவிட் நேஷன் என்ற வக்கீலை மறுமணம் செய்துகொண்டார். இருவரும் கான்சாஸ் மாநிலத்தில், மெடிசின் லாட்ஜ் என்ற ஊரில் குடியேறினார்கள். அங்கே மாதர் மதுவிலக்குச் சங்கத்தில் சேர்ந்து, சிறைக் கைதிகளைப் போய்ப் பார்த்து ஆறுதல் சொல்லி வந்தார். "எதனால் இங்கே வந்தீர்கள்?" என்று கேட்டார். பலரும் சொன்ன பதில் ஒன்றே: "குடி!"

கேரி மனுக் கொடுத்தார். கடை வாசலில் நின்று பிரார்த்தனை செய்தார், பாடினார். பலன் இல்லை. மாநிலத் தேர்தலில் பெண்களுக்கு ஓட்டும் கிடையாது. எனக்கு ஓட்டு இல்லை. அதனால்தான் கல்லை எடுத்தேன் என்று பின்னாளில் கூறினார்.

கல் போய் கோடரி வந்தது

1900-ம் ஆண்டு டிசம்பர் மாதம், விச்சிட்டா நகரின் பெரிய ஓட்டலுக்குள் புகுந்தார். கல்லாலும் இரும்புத் தடியாலும் மதுக்கூடத்தை நொறுக்கினார். இந்தத் தடவை சிறையில் அடைத்தார்கள்.

"அடுத்த முறை கோடரியை எடுத்துக்கொண்டு போயேன்" என்று கணவர் கேலி செய்தாராம். "கல்யாணம் ஆனது முதல் நீங்கள் சொன்னதில் புத்திசாலித்தனமான பேச்சு இதுதான்" என்றாராம் கேரி. 1901-ம் ஆண்டு முதல் கைக்கோடரிதான் அவர் ஆயுதம். அதே ஆண்டில், கணவர் விவாகரத்துப் பெற்றுப் பிரிந்தார்.

சுமார் முப்பது தடவை கேரி கைதானார். அவர் மீது அழுகிய முட்டை வீசினார்கள், அடித்தார்கள். "பிறர் சொத்தை உடைப்பது சரியா?" என்று மதுவிலக்குச் சங்கத்தாரிலேயே பலர் முகம் சுளித்தார்கள். ஆனால் தூங்கிக்கொண்டிருந்த சட்டம் விழித்துக்கொண்டது. 1901-ம் ஆண்டு கான்சாஸ் சட்டசபை மதுவிலக்கை மேலும் கடுமையாக்கியது.

குஞ்சுக் கோடரி

அபராதம் கட்டப் பணம் வேண்டுமே! கோடரி வடிவத்தில் சிறு சிறு ஊசிகள் செய்து விற்றார். ஊர் ஊராகச் சென்று பேசினார். வந்த பணத்தைத் தமக்காகச் சேர்க்கவில்லை. குடிகாரர்களின் மனைவி மக்கள் தங்குவதற்கு, கான்சாஸ் சிட்டியில் ஓர் இல்லம் அமைத்தார். தாம் பட்ட பாட்டை அவர் மறக்கவில்லை.

1911-ம் ஆண்டு ஜனவரி மாதம், மேடையில் பேசும்போதே மயங்கி விழுந்தார். ஜூன் 9-ந் தேதி காலமானார்.

1920-ம் ஆண்டு அமெரிக்கா முழுவதும் மதுவிலக்கு வந்தது. கள்ளச் சாராயமும் கூடவே பெருகியது. 1933-ம் ஆண்டு அந்தச் சட்டம் ரத்தாகிவிட்டது.

சட்டம் வந்தது, போனது. ஆனால் குடிகாரக் கணவனுக்காக இரவெல்லாம் விழித்திருந்த மனைவியின் துயரத்தை, உடைந்த கண்ணாடியின் ஓசையால் ஊர் கேட்கச் செய்தார் கேரி. தம்மால் முடிந்ததைச் செய்தார் என்பதே, அவர் கல்லறையில் பொறிக்கப்பட்டுள்ள செய்தி.