வாடகைக்குப் போன வாத்தியங்கள்

இரயில்வே பார்சல் அலுவலகத்தில் எழுத்தனாக இருப்பவனுக்கு ஊரில் என்ன விசேஷம் என்பதை எவரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. வந்திறங்கும் சாமான்களே சொல்லிவிடும். நவராத்திரி நெருங்கினால் வைக்கோல் பொதிந்த பொம்மைப் பெட்டிகள் வரும். கச்சேரிக் காலமாயின் மிருதங்கமும் தம்பூராவும் துணியுறைக்குள் உறங்கியவாறே வந்து சேரும். மெல்லிசைக் குழுவினர் வந்தாலோ முற்காலத்தில் எடைமேடை கொள்ளாது என்று மூத்த ஊழியர்கள் கூறுவர். வயலின்கள், கித்தார்கள், அக்கார்டியன், தபேலா, பாங்கோ, டிரம் என்று ஒரு சிறு ஊரே இறங்குமாம். இப்பொழுது பெரும்பாலும் நீண்டு தட்டையான ஒரே பெட்டிதான் வருகிறது. அதற்குள் இருப்பது கீபோர்டு என வழங்கும் மின்னிசைப் பலகை.

சென்ற ஆண்டு அப்படியொரு பெட்டிக்கு நான் சீட்டெழுதிக் கொண்டிருந்தபோது, நம் சங்கத்தைச் சேர்ந்த பெரியவர் ஒருவர் பக்கத்தில் நின்று பார்த்துக் கொண்டிருந்தார். வாலிபத்தில் நாடகக் குழுக்களிலும் மெல்லிசை மேடைகளிலும் வயலின் வாசித்தவர் அவர். பெட்டியை விரலால் தட்டி, "இருபது பேருடைய சோறு இதற்குள்ளே இருக்கிறது, தம்பி" என்றார். அவர் குரலில் கோபமில்லை. ஆயினும் அந்தச் சொல் என்னை விடவில்லை. இந்தப் பெட்டி நம் பாட்டுக்குள் எவ்வழியாக நுழைந்தது என்று தேடத் தொடங்கினேன். மேல்நாட்டிலிருந்து நேரே வந்திறங்கிய சரக்கு என்றே அதுவரை எண்ணியிருந்தேன். தேடிய வழியோ மலையாளப் படங்களுக்கும், அவற்றில் உழைத்து மாண்ட ஒரு தமிழர் வீட்டிற்கும் என்னைக் கொண்டுபோய் விட்டது.

முதலில் கருவியைப் பற்றிச் சிறிது கூறிவிடுகிறேன். இதன் ஆங்கிலப் பெயர் சிந்தசைசர். ஒலிகளைக் கூட்டி ஆக்குவது என்று பொருள் கொள்ளலாம். மின்சாரத்தை வினாடிக்கு 440 முறை அதிரச் செய்து ஒலிபெருக்கியில் விட்டால், அது ஒரு குறிப்பிட்ட சுருதியில் பாடும். அவ்வொலியிலிருந்து வேண்டாத பகுதியை வடிகட்டிக் களையலாம். அது எவ்வளவு விரைவில் எழவேண்டும், எப்படித் தேயவேண்டும் என்பதையும் வகுக்கலாம். வீணைத் தந்தியை மீட்டியவுடன் நாதம் எழுந்து மெல்ல மெல்ல மறைகிறது. நாதசுரத்தின் ஒலியோ வாசிப்பவர் மூச்சுள்ளவரை தளராது நிற்கிறது. இந்த வேறுபாட்டை ஒரு திருகாணியால் உண்டாக்கிவிடலாம் என்பதே இக்கருவியின் அதிசயம்.

அமெரிக்கரான ராபர்ட் மூக் 1964-இல் இதற்கு ஓர் ஒழுங்கான உருவம் கொடுத்தார். அதற்கு முன்பே கிளாவியோலின் என்னும் சிறு மின்னிசைப் பெட்டி நம் நாட்டுக்கு வந்துவிட்டது. 1954-இல் வெளிவந்த ‘நாகின்’ என்ற இந்திப் படத்தில் ஊரையே மயக்கிய மகுடி இசையில் அதன் பங்கு பெரிது. மகுடி என்று நம்பித் தலையாட்டியவர்களில் நம் பாட்டனார்களும் இருந்திருப்பார்கள்!

பின்னர் மேல்நாடுகளில் இக்கருவிகளையே நம்பிச் சில இளைஞர் குழுக்கள் தோன்றின. ஜெர்மனியில் 1970-இல் ‘கிராஃப்ட்வெர்க்’, அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில் 1973-இல் ‘டீவோ’, ஜப்பானில் 1978-இல் ‘எல்லோ மேஜிக் ஆர்கெஸ்ட்ரா’ என்பவை பெயர் பெற்றவை. விரல்விட்டு எண்ணக்கூடிய சிலர் மேடையேறி, ஒரு பெரும் வாத்தியக் கோஷ்டியின் முழக்கத்தை எழுப்பினர். நம் நாட்டில் குழுவாகப் பாடிப் பிழைக்க வழி குறைவு. இங்கு இசைக்குப் படியளந்தது சினிமா. ஆகவே இக்கருவியும் சினிமாவின் வாயில் வழியாகவே வந்தது.

நம் சங்கக் கூட்டங்களில் தமிழகத்திலிருந்து இந்நகருக்கு வந்து இசை வளர்த்தவர்களைப் பேசும்பொழுது, 1939-இல் இங்கே இசைப் பள்ளி தொடங்கியபோது அதன் முதல்வராயிருந்த ஹரிகேசநல்லூர் முத்தையா பாகவதரையும், அவருக்குப் பின் அப்பொறுப்பை ஏற்ற செம்மங்குடி சீனிவாச ஐயரையும் பெருமையுடன் குறிப்பிடுகிறோம். குறிப்பிட வேண்டியதுதான். ஆனால் ஆர். கே. சேகர் என்ற பெயரை அம்மேடையில் யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

சேகர் சென்னையில் வாழ்ந்தவர், தமிழர். அவர் தொழில் செய்ததோ பெரும்பாலும் மலையாளப் படங்களில். அக்காலத்தில் மலையாளப் பாட்டுக்களும் சென்னையிலேயே ஒலிப்பதிவாயின. 1964-இல் வெளிவந்த ‘பழசி ராஜா’ படத்திற்கு அவர் இசையமைத்தார். வயலார் ராமவர்மா பாட்டெழுதினார். அதில் ஏசுதாஸ் பாடிய தத்துவப் பாட்டொன்றை இன்றும் வயது முதிர்ந்த மலையாள நண்பர்கள் முணுமுணுக்கிறார்கள். யாருடைய மெட்டு என்று கேட்டால் விழிப்பார்கள். சேகர் தம் பெயரில் இசையமைத்த படங்களைக் காட்டிலும், பிறருக்கு வாத்திய அமைப்புச் செய்து கொடுத்தவை மிகுதி.

வாத்திய அமைப்பு என்பது என்ன? இசையமைப்பாளர் ஆர்மோனியத்தில் மெட்டைப் போடுகிறார். அம்மெட்டு எங்கே மூச்சு வாங்குகிறதோ அங்கே குழல் நுழையவேண்டுமா, வயலின்கள் எழவேண்டுமா, எத்தனை வயலின்கள், எந்தச் சுரத்தில் என்பதையெல்லாம் தாளில் எழுதி, வாசிப்பவர் ஒவ்வொருவருக்கும் பகிர்ந்தளித்து, முன்னின்று நடத்துபவர் அமைப்பாளர். கல்யாண வீட்டில் சம்பந்தியை எல்லோரும் வணங்குவார்கள். சமையற்கட்டில் நிற்பவரை யார் பார்ப்பார்கள்? அந்நிலைதான்.

சேகருடன் மிகவும் நெருங்கிப் பணியாற்றியவர் எம். கே. அர்ஜுனன் மாஸ்டர். 1936-இல் கொச்சிக் கோட்டைப் பகுதியில் பிறந்து, இளமையில் தந்தையை இழந்து, பழனியில் ஓர் ஆசிரமத்தில் வளர்ந்தவர் அவர். அங்கேதான் சங்கீதம் கற்றார். பழனியில் பாடக் கற்ற மலையாளியும், சென்னையில் மலையாளப் பாட்டுக்கு அணி செய்த தமிழரும் இணைந்ததை எண்ணும்போது, மாநில எல்லையில் வண்டி மாறும் நம் போன்றோருக்கு மகிழ்ச்சியாகத்தான் இருக்கிறது. 1968-இல் வந்த ‘கறுத்த பௌர்ணமி’ அர்ஜுனனின் முதற்படம்.

சேகருக்குப் புதுக் கருவிகளின்மேல் தீராத ஆசை. பிறர் அறியாத மின்னிசைக் கருவிகளை வெளிநாட்டிலிருந்து தருவித்து வைத்துக்கொண்டார். அவற்றின் ஒலி மலையாளப் பாட்டுக்களில் கலந்தது. வீட்டிலே அவருடைய சிறு மகன் அவற்றின் அருகே அமர்ந்து கட்டைகளை அழுத்திப் பார்ப்பான். இரவு பகல் பாராத உழைப்பும் நோயும் சேகரை அரித்தன. 1976-ஆம் ஆண்டு செப்டம்பர் 30-ஆம் நாள், நாற்பத்து மூன்றாம் வயதில் அவர் காலமானார். மகனுக்கு வயது ஒன்பது. அடுத்து நடந்ததே இக்கதையின் கரு என்று நான் கருதுகிறேன்.

இருந்த சொத்து அந்தக் கருவிகள்தாம். அவற்றை விற்று அப்பணத்தைக் கொண்டு காலம் தள்ளலாம் என்று வேண்டியவர்கள் யோசனை கூறினர். சேகரின் மனைவி அதற்கு இணங்கவில்லை. மகன் இருக்கிறான், அவனுக்கு அவை வேண்டும் என்று கூறி, வாத்தியங்களை வாடகைக்கு விட்டுக் குடும்பத்தை நடத்தினார். ஒலிப்பதிவுக் கூடங்களுக்குப் பெட்டிகள் போகும். மாலையில் கூலியுடன் திரும்பும். விற்றிருந்தால் ஒரு வருஷச் செலவுக்குப் போதியிருக்கலாம். தமிழ் இசையின் வருங்காலம் வேறாக இருந்திருக்கும்.

அச்சிறுவனின் பெயர் அன்று திலீப் குமார். 1967 ஜனவரி 6-இல் பிறந்தவர். மாஸ்டர் தன்ராஜிடம் மேல்நாட்டு இசை பயின்றார். பள்ளிப் பருவத்திலேயே குடும்பத்துக்காகக் கீபோர்டு வாசிக்கச் சென்று, படிப்பை இடையில் நிறுத்த நேர்ந்தது. தந்தையின் நண்பரான அர்ஜுனன் மாஸ்டர் 1981-இல் வெளிவந்த ‘அடிமச்சங்ஙல’ என்னும் மலையாளப் படத்தில் அவரை வாசிக்கச் செய்தார். இளையராஜா, எம். எஸ். விசுவநாதன் முதலிய பெரியோரின் கோஷ்டிகளிலும் வாசித்தார். 1983-இல் பல கம்பெனிகளின் மின்னிசைக் கருவிகள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ள ‘மிடி’ என்னும் பொது ஏற்பாடு வந்தது. 1986-இல் இளையராஜா ‘புன்னகை மன்னன்’ படத்தில் கணிப்பொறியால் தாளமும் சுரமும் வகுத்து இசைத்துக் காட்டினார். புதுமையை முதலில் வரவேற்றவர் அவரே என்பதை, இரு கட்சியாகப் பிரிந்து வாதாடும் நம் இளைஞர்கள் மறந்துவிடுகிறார்கள்.

மேல்நாட்டாரைப் போலக் குழு அமைத்தும் அவர் பார்த்தார். ‘ரூட்ஸ்’ என்னும் குழுவில் சிவமணி, ஜான் அந்தோணி, சுரேஷ் பீட்டர்ஸ் முதலியோர் தோழர்கள். ‘நெமிசிஸ் அவென்யூ’ என்ற மற்றொன்றும் இருந்தது. குழுக்கள் நிலைக்கவில்லை, தோழமை நிலைத்தது. 1993-இல் ‘ஜென்டில்மேன்’ படத்தில் வந்த இரயில் பாட்டைப் பாடியவர் அந்தச் சுரேஷ் பீட்டர்ஸ்தான். (எங்கள் அலுவலகத்தில் அப்பாட்டைத் தெரியாதவர் வேலைக்கே சேர முடியாது என்பது வேடிக்கைப் பேச்சு.) பின்னர் 1998-இல் ‘பஞ்சாபி ஹவுஸ்’ படத்திற்கு இசையமைத்து அவர் மலையாளிகளின் அன்பையும் பெற்றார்.

விளம்பரங்களுக்கு அரைநிமிஷ இசை அமைக்கும் தொழில் அடுத்து வந்தது. அரை நிமிஷத்தில் ஒருவர் காதைப் பிடித்து நிறுத்தவேண்டும்; வீண் சுரத்துக்கு இடமில்லை. அந்தப் பயிற்சி அவருடைய பாட்டுக்களில் கடைசிவரை தெரிகிறது என்பது என் அபிப்பிராயம். வீட்டின் புழக்கடையில் ‘பஞ்சதன்’ என்ற ஒலிப்பதிவுக் கூடத்தை அமைத்தார். ஏ. ஆர். ரகுமான் என்ற பெயருடன் 1992-இல் மணிரத்தினத்தின் ‘ரோஜா’ வாயிலாக வெளிப்பட்டார்.

அதே 1992-இல் அவருடைய இரண்டாம் படமாக வந்தது ‘யோத்தா’ என்னும் மலையாளப் படம். இதில் நம் நகரத்தார் மகிழ ஒரு செய்தி உண்டு. ‘யோத்தா’வை இயக்கிய சங்கீத் சிவனும், ‘ரோஜா’வையும் அதையும் படம் பிடித்த சந்தோஷ் சிவனும் உடன்பிறந்தோர், இத்திருவனந்தபுரத்தில் ஸ்டுடியோ நடத்திய புகைப்படக் கலைஞர் சிவனின் மைந்தர்கள். ‘ரோஜா’வின் முதற் பாட்டைப் பாடிய மின்மினியும், மழைப் பாட்டைச் சுஜாதாவுடன் பாடிய உண்ணி மேனனும் கேரளத்தவர்களே. தந்தை மலையாளப் பாட்டுக்குக் கொடுத்ததை, மலையாளக் குரல்கள் மகனின் தமிழ்ப் பாட்டுக்குத் திருப்பித் தந்தன என்று சொல்லத் தோன்றுகிறது.

அந்த ஒலியில் புதிது என்ன? என் தந்தையார் டேப் ரிக்கார்டரில் ‘ரோஜா’ ஓடியபோது நான் சிறுவன். மற்றப் பாட்டுக்கள் கூடத்தில் கேட்கும். இது தரையில் கேட்டது. கீழ்ச்சுரங்களை அவ்வளவு தெளிவாக அதற்குமுன் நாங்கள் கேட்டதில்லை. மற்றொன்று, அதிலிருந்த இடைவெளி. நூறு வாத்தியங்களை நெருக்கி நிரப்பாமல், ஒரு குழலையோ ஒரு பெருமூச்சையோ தனியே நிறுத்தி, பின்னால் மெல்லிய மின்னொலித் திரையை விரித்துவிடுவார். முன்பு பாடகரும் கோஷ்டியும் ஒரே கூடத்தில் ஒரே மூச்சில் பதிவு செய்வது பெருவழக்கு. இவரோ ஒவ்வொருவரையும் தனித்தனியே, பெரும்பாலும் இரவில் அழைத்துப் பாடவும் வாசிக்கவும் செய்து, பிறகு வேண்டியதை எடுத்துக் கோத்தார். ஒலிப்பொறியாளர் எச். ஸ்ரீதர் 2008-இல் மறையும்வரை அதற்குத் துணை நின்றார்.

கட்டைகளில் சுரம் தனித்தனியே நிற்பதால் கமகம் பிறப்பது அரிது. இடப்புறமுள்ள சிறு சக்கரத்தைத் தள்ளிச் சுரத்தை வளைக்கலாமேயன்றி, வயலின் விரலின் வழுக்கல் அதில் முழுதும் வாராது. ஆகவே கமகம் வேண்டிய இடத்தில் அவர் மனிதரையே அழைத்தார்.

இவற்றையெல்லாம் பெரியவரிடம் போய்ச் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டார். "எல்லாம் சரி. அந்த அம்மாள் வாத்தியத்தை வாடகைக்கு விட்டார். நாங்கள் எதை வாடகைக்கு விடுவது?" என்றார். எனக்கு விடை தெரியவில்லை. ஒரு கூடத்தில் நாற்பது வயலின்கள் சேர்ந்து வாசித்த நாட்கள் குறைந்தன என்பதும், பலர் வேறு தொழிலுக்குப் போனார்கள் என்பதும் மறுக்க முடியாதவை. ரகுமான் 2008-இல் சென்னையில் கே. எம். இசைப் பள்ளியைத் தொடங்கி, ஏழைப் பிள்ளைகளுக்கு இலவசமாக வயலின் முதலியன கற்பித்து ஒரு கோஷ்டியையே உருவாக்கினார் என்று சொன்னேன். அதைக் கேட்டபோதுதான் பெரியவர் முகம் சற்று மலர்ந்தது. "வில்லைப் பிடிக்கத் தெரிந்த பிள்ளைகளா?" என்று இருமுறை கேட்டார்.

‘யோத்தா’வுக்குப் பின் முப்பது ஆண்டுகள் கழித்து 2022-இல் ‘மலையன்குஞ்ஞு’, 2024-இல் ‘ஆடுஜீவிதம்’ ஆகிய மலையாளப் படங்களுக்கு ரகுமான் இசையமைத்தார். பின்னது வளைகுடா நாட்டிற்குப் பிழைக்கச் சென்று பாலைவனத்தில் சிக்கிய ஒருவனின் கதை. அதைப் பார்க்கப் பெரியவரை நான் அழைத்துச் சென்றேன். படம் முடிந்தும் அவர் எழுந்திருக்கவில்லை. திரையில் ஓடிய பெயர்ப் பட்டியலில் வயலின் வாசித்தவர்களின் பெயர்களைக் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துத் தேடிக் கொண்டிருந்தார்.