பாக்கிச் சம்பளமும் கோர்ட்டின் எல்லையும்

வெள்ளையர் காலத்தில் சர்க்கார் உத்தியோகம் என்றால் ஊரே எழுந்து நின்றது. அந்தச் சர்க்கார் சம்பளத்தை நிறுத்தி வைத்தால் உத்தியோகஸ்தருக்கு என்ன வழி? மனு எழுதலாம், மேலதிகாரியைப் பார்க்கலாம், காத்திருக்கலாம். வழக்குப் போட முடியாது என்பதே சர்க்காரின் நிலை. மன்னரின் விருப்பம் உள்ளவரைதான் ஊழியம், சம்பளம் அவர் மனமுவந்து கொடுப்பது என்பது இங்கிலாந்துச் சட்டக் கருத்து. 1948-இல் ஐ.சி.எஸ். அதிகாரி ஐ.எம். லால் வழக்கில், அந்நாளின் மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில், அவரைப் பணிநீக்கம் செய்தது செல்லாது என்றது. ஆனால் சம்பளப் பாக்கியைக் கேட்டு வழக்காட முடியாது என்றும் சொல்லிவிட்டது. வேலை அவருடையது, கூலி மட்டும் அவருடையதில்லை!

ஆறே ஆண்டுகளில் இது மாறியது. 1940-இல் பணிநீக்கம் செய்யப்பட்ட பீகார் போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர் அப்துல் மஜீத்தைப் பிறகு வேலையில் சேர்த்துக்கொண்ட அரசு, இடைப்பட்ட காலச் சம்பளத்தைத் தர மறுத்தது. 1954-இல் உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆவது பிரிவு, கடன் கொடுத்தவர் அரசு ஊழியரின் சம்பளத்தில் ஒரு பகுதியை ஜப்தி செய்ய இடம் கொடுக்கிறது. ஜப்தி செய்யக்கூடிய பணம் என்றால் அது அரசு பட்ட கடன். அதை மூன்றாம் மனிதர் வாங்கிக்கொள்ளலாம், உழைத்தவர் கேட்கக்கூடாது என்பது எந்த ஊர் நியாயம்? சம்பளம் மன்னர் மனமுவந்து கொடுப்பது என்ற கோட்பாடு இந்திய மண்ணில் அத்தோடு முடிந்தது.

இன்று சம்பளம் சட்டப்படியான உரிமை. கொரோனாவைக் காட்டி ஆந்திர அரசு 2020-இல் சம்பளத்தையும் ஓய்வூதியத்தையும் ஒத்திவைத்தபோது, உயர் நீதிமன்றம் 12 சதவீத வட்டி போட்டது. 2021-இல் உச்ச நீதிமன்றம் வட்டியை 6 சதவீதமாகக் குறைத்ததே தவிர, கொடுத்தே தீர வேண்டும் என்பதை மாற்றவில்லை.

ஆனால், அடிமட்ட ஊழியரின் கதை வேறு. மின்வாரியம், போக்குவரத்துக் கழகம், மாநகராட்சி போன்ற இடங்களின் தொழிலாளர்கள் பாக்கி கேட்டுப் பெரும்பாலும் போனது லேபர் கோர்ட்டுக்கு. தொழில் தகராறுகள் சட்டத்தின் 33-சி(2) பிரிவில். மனுவோடு ஒரு அட்டவணை இணைப்பார்கள்: மாதம், வரவேண்டியது, வந்தது, பாக்கி. கடைசி வரியில் மொத்தத் தொகை. அந்தக் கூட்டல் சரியா என்று பார்த்து உத்தரவிடத்தான் கோர்ட்டுக்கு அதிகாரம் இருந்தது. "வரவேண்டியது" என்ற பத்தியில் உள்ள தொகைக்கு இவருக்கு உரிமையே இல்லை என்று நிர்வாகம் சொல்லிவிட்டால், அந்த உரிமையை அங்கே தீர்மானிக்க முடியவில்லை. ஏற்கெனவே ஒரு தீர்ப்போ ஒப்பந்தமோ நிர்வாகத்தின் ஒப்புதலோ இருக்க வேண்டியிருந்தது.

தொண்ணூறுகளில் டெல்லி மாநகராட்சியின் தினக்கூலிகள், நிரந்தரத் தொழிலாளரின் வேலையைச் செய்கிறோம், அதே சம்பளம் கொடுங்கள் என்று இந்தப் பிரிவில்தான் கேட்டார்கள். கணேஷ் ரஸாக் வழக்கு என்று வழங்கும் அதில் உச்ச நீதிமன்றம், உரிமையை முதலில் வேறு வழியில் நிலைநாட்டிவிட்டு வாருங்கள் என்றது. சட்டப்படி சரியாக இருக்கலாம். ஆனால் நியமன உத்தரவு கையில் உள்ளவர் எளிதாகத் தாண்டும் வேலி, மஸ்டர் ரோலில் பெயர் மட்டும் உள்ள தினக்கூலிக்கு மதிலாகிவிடுகிறது. ஒரு வழக்கில் ஜெயித்து, அதை வைத்து இன்னொரு வழக்குப் போடுவதற்குள் பாதி சர்வீஸ் முடிந்துவிடும்.

காலமும் குறுக்கே வரும். தாமதமாக வந்தவருக்கு ரிட் மனுவுக்கு முந்தைய மூன்று ஆண்டுப் பாக்கிதான் பொதுவாகக் கிடைக்கும் என்று 2008-இல் தர்செம் சிங் வழக்கில் முடிவானது. சிவில் கோர்ட்டில் டிக்ரியே வாங்கினாலும், அரசுக்கு எதிராக அதை நிறைவேற்ற மூன்று மாதம் பொறுக்க வேண்டும்.

2025 நவம்பரில் தொழில் தகராறுகள் சட்டத்துக்குப் பதிலாகப் புதிய தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு நடைமுறைக்கு வந்திருக்கிறது. உரிமையையும் கணக்கையும் ஒரே மன்றம், ஒரே விசாரணையில் தீர்க்கும்படி அதில் ஒரு திருத்தம் கொண்டுவர வேண்டும். தொழிற்சங்கங்கள் இதை முதல் கோரிக்கையாக வைக்கட்டும். அதுவரை, பாக்கி உள்ளவர்கள் சம்பளச் சீட்டையும் வேலை உத்தரவையும் பத்திரப்படுத்துங்கள். மூன்று ஆண்டு கடக்கும் முன் மனுவைப் போட்டுவிடுங்கள்.